குறைந்த கூலிக்கு வேலைக்குப் போனால் விபத்து வழக்கு பலவீனமாகுமா?

கேள்வி: என் கணவருக்கு வயது 39. திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் கட்டிங் மாஸ்டராக இருந்தார். வாரக் கூலி 6,000 ரூபாய். கையில்தான் கொடுப்பார்கள், சம்பளச் சீட்டு, பி.எஃப். எதுவும் கிடையாது. நான்கரை மாதங்களுக்கு முன் ஊருக்குப் போகும் வழியில், ஒட்டன்சத்திரம் அருகே பக்கச் சாலையிலிருந்து வந்த ஒரு கார் அவருடைய பைக் மீது மோதியது. வலது மணிக்கட்டு முறிந்து பிளேட் வைத்திருக்கிறார்கள். இரண்டு விரல்கள் முழுவதும் மடங்கவில்லை. கத்திரி பிடிக்க முடியவில்லை. காரை ஓட்டியவர் உரிமையாளரின் உறவினர், எல்.எல்.ஆர். மட்டுமே வைத்திருந்தாராம். அவர் மீதுதான் எஃப்.ஐ.ஆர். போட்டிருக்கிறார்கள். என் கணவர் அன்று ஹெல்மெட் அணியவில்லை. ஆனால் தலையில் அடி இல்லை. கார் உரிமையாளர் மருத்துவமனையில் 20,000 ரூபாய் கொடுத்து ஒரு தாளில் கையெழுத்து வாங்கிக்கொண்டார். இப்போது காப்பீட்டு நிறுவனத்தின் சார்பில் பேசுவதாகச் சொல்லி ஒருவர் தொலைபேசியில் அழைத்து, ஒன்றரை லட்சத்துக்கு முடித்துக்கொள்ளலாம் என்கிறார். கம்பெனியில் வாரம் 3,500 ரூபாய்க்குச் செக்கிங் வேலை தருவதாகக் கூறுகிறார்கள். வேலைக்குப் போனால் வழக்கு நிற்காது, வீட்டிலேயே இருக்கட்டும் என்று உறவினர்கள் தடுக்கிறார்கள். வழக்குப் போடுவதானால் திண்டுக்கல் மாவட்டத்துக்குத்தான் போக வேண்டுமா? நாங்கள் என்ன செய்வது?
— வாசகி ஒருவர், திருப்பூர்

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

தங்கள் கடிதத்தின் கடைசிப் பகுதியிலிருந்து தொடங்குகிறேன். தங்கள் கணவர் அந்தச் செக்கிங் வேலைக்குத் தாராளமாகப் போகலாம். அதனால் வழக்குக் கெடாது. ஒழுங்காக ஆவணப்படுத்தினால், அந்த வேலையே தங்கள் தரப்பின் மிக வலுவான சாட்சியமாக அமையக்கூடும். ஏன் என்பதற்கு, இந்த வழக்குகளில் பணம் எப்படிக் கணக்கிடப்படுகிறது என்பதைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. அதற்கு முன், காலக்கெடு பற்றி ஒரு வார்த்தை.

மோட்டார் வாகனச் சட்டத்தின் 166-ஆம் பிரிவின்படி, விபத்து நடந்த நாளிலிருந்து ஆறு மாதங்களுக்குள் இழப்பீட்டு மனுவைத் தாக்கல் செய்ய வேண்டும். 1994-இல் நீக்கப்பட்டு, ஏறத்தாழ இருபத்தேழு ஆண்டுகள் இல்லாதிருந்த இந்தக் கெடு, 2019-ஆம் ஆண்டுத் திருத்தத்தால் மீண்டும் புகுத்தப்பட்டு 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. "விபத்து வழக்குக்குக் காலக்கெடுவே கிடையாது" என்று பழைய நினைவில் சொல்பவர்களை இன்றும் நீதிமன்ற வளாகத்தில் காணலாம். அவர்களை நம்பிக் காத்திருக்க வேண்டாம். இந்தக் கெடுவை எதிர்த்த வழக்குகள் உச்ச நீதிமன்றத்தில் நிலுவையில் இருப்பதும், அவை முடியும்வரை தாமதம் என்ற காரணத்துக்காக மட்டும் மனுக்களைத் தள்ளுபடி செய்யக் கூடாது என்று 2025 நவம்பரில் இடைக்கால உத்தரவு வந்திருப்பதும் உண்மைதான். ஆயினும் இடைக்கால உத்தரவு என்பது எப்போது வேண்டுமானாலும் மாறக்கூடியது. தங்களுக்கு இன்னும் ஒன்றரை மாதம் இருக்கிறது. அதற்குள் மனு எண்ணிடப்பட்டுவிட வேண்டும் என்பதே என் அறிவுரை.

மனுவைத் தாங்கள் குடியிருக்கும் திருப்பூரிலுள்ள மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்திலேயே தாக்கல் செய்யலாம். விபத்து நடந்த இடம், மனுதாரர் வசிக்கும் அல்லது தொழில் செய்யும் இடம், எதிர்மனுதாரர் வசிக்கும் இடம் ஆகிய மூன்றில் எதையும் தேர்ந்தெடுக்கும் உரிமை மனுதாரருக்கு உண்டு. கை வலியோடு வாய்தாவுக்கு வாய்தா பேருந்து ஏறி அலைய வேண்டிய அவசியமில்லை. ஒன்றை மட்டும் விசாரித்துக்கொள்ளுங்கள். விபத்து குறித்த விரிவான அறிக்கையை மூன்று மாதங்களுக்குள் தயாரித்துத் தீர்ப்பாயத்துக்கு அனுப்ப வேண்டியது காவல் துறையின் கடமை. அந்த அறிக்கையையே இழப்பீட்டு மனுவாக எடுத்துக்கொள்ளவும் சட்டம் வழி செய்கிறது. எஃப்.ஐ.ஆர். பதிவான காவல் நிலையத்திலிருந்து அப்படி ஏதேனும் அனுப்பப்பட்டிருக்கிறதா, எந்தத் தீர்ப்பாயத்துக்கு என்பதைக் கேட்டறிந்து தங்கள் வழக்கறிஞரிடம் சொல்லுங்கள். ஒரே விபத்துக்கு இரண்டு இடங்களில் கோப்பு ஓடுவதை அவர் தொடக்கத்திலேயே சரிசெய்துவிடுவார்.

அடுத்து, பொறுப்பு யாருடையது என்ற கேள்வி. 166-ஆம் பிரிவின் கீழ் இழப்பீடு பெறுவதற்கு, கார் ஓட்டியவரின் கவனக்குறைவால்தான் விபத்து நேர்ந்தது என்று காட்ட வேண்டும். கிரிமினல் வழக்கைப் போல ஐயத்துக்கு இடமின்றி நிரூபிக்க வேண்டியதில்லை. இப்படித்தான் நடந்திருக்க வாய்ப்பு அதிகம் என்று தீர்ப்பாயத்துக்குத் தோன்றினால் போதும். பக்கச் சாலையிலிருந்து பெரிய சாலைக்குள் நுழைந்த கார், அதை ஓட்டியவர் மீதே எஃப்.ஐ.ஆர்., இரண்டும் தங்களுக்குச் சாதகமானவை. பார்வை மகஜர் (விபத்து நடந்த இடத்தைப் பார்த்துக் காவல் துறை எழுதும் குறிப்பு), சம்பவ இட வரைபடம், மோட்டார் வாகன ஆய்வாளரின் அறிக்கை ஆகியவற்றின் நகல்களையும் பெற்றுக்கொள்ளுங்கள். கார் ஓட்டியவர் நாளை கிரிமினல் வழக்கில் விடுதலையாகிவிட்டால் தங்கள் வழக்கும் போய்விடும் என்று யாரேனும் பயமுறுத்தினால் கலங்க வேண்டாம். நம் மாநிலத்திலிருந்து சென்ற கருமை அம்மாள் வழக்கில், பேருந்து ஓட்டுநர் கிரிமினல் நீதிமன்றத்தில் விடுவிக்கப்பட்ட பின்னரும் இழப்பீடு தர வேண்டும் என்பதை 1980-இலேயே உச்ச நீதிமன்றம் உறுதி செய்துவிட்டது.

ஹெல்மெட் அணியாததைக் காப்பீட்டு நிறுவனத்தின் வழக்கறிஞர் குறுக்கு விசாரணையில் கட்டாயம் எழுப்புவார். உண்மையை ஒப்புக்கொள்வதே நல்லது. ஒரு விதிமீறல் இருந்தது என்பதால் மட்டும் இழப்பீட்டைக் குறைக்க முடியாது. அந்த மீறல் விபத்துக்கோ காயத்துக்கோ காரணமாக இருந்திருக்க வேண்டும் என்பதை, ஒரே பைக்கில் மூவர் சென்றது பற்றிய 2020-ஆம் ஆண்டுத் தீர்ப்பொன்றில் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியிருக்கிறது. தலையில் அடிபட்டிருந்தால் கதை வேறு. மணிக்கட்டு முறிவுக்கும் ஹெல்மெட்டுக்கும் தொடர்பில்லை.

எல்.எல்.ஆர். பற்றிய கவலையும் தேவையற்றது. பழகுநர் உரிமமும் உரிமமே, அதை வைத்திருப்பவர் ஓட்டிய வண்டிக்கும் காப்பீட்டு நிறுவனம் மூன்றாம் நபருக்கு, அதாவது தங்கள் கணவரைப் போல அந்த வண்டியால் பாதிக்கப்பட்ட வெளியாருக்கு, பொறுப்பேற்க வேண்டும் என்று ஸ்வரண் சிங் வழக்கில் 2004-இல் தீர்ப்பாகியிருக்கிறது. ஆகவே கார் உரிமையாளர், ஓட்டியவர், காப்பீட்டு நிறுவனம் ஆகிய மூவரையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்த்துவிடுங்கள். அவர்களுக்குள் யார் யாருக்கு எவ்வளவு தர வேண்டும் என்பது தங்கள் தலைவலி அல்ல.

இனி, தொகைக்கு வருவோம். காயம்பட்டவருக்கான இழப்பீட்டை எப்படிக் கணக்கிடுவது என்பதற்கு இன்றளவும் வழிகாட்டியாக இருப்பது, 2010 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் வழங்கிய ராஜ் குமார் எதிர் அஜய் குமார் தீர்ப்பு. அதன் சாரம் இதுதான்: மருத்துவர் சொல்லும் ஊனத்தின் சதவீதம் வேறு, அந்த ஊனத்தால் ஒருவர் இழந்த சம்பாதிக்கும் திறனின் சதவீதம் வேறு. இடது கையை இழந்த தச்சரோ ஓட்டுநரோ தம் பிழைப்பை ஏறத்தாழ முழுமையாகவே இழந்துவிடலாம். அதே கையை இழந்த அரசு அலுவலக எழுத்தருக்குச் சம்பளத்தில் ஒரு ரூபாய்கூடக் குறையாமல் போகலாம் என்று நீதிமன்றமே எடுத்துக்காட்டுச் சொல்கிறது. முதல் சதவீதத்தைச் சொல்வது மருத்துவரின் வேலை. இரண்டாவதை முடிவு செய்வது தீர்ப்பாயத்தின் வேலை. ஆனால் தீர்ப்பாயம் அதை முடிவு செய்ய வேண்டுமானால், மனுதாரர் விபத்துக்கு முன் என்ன வேலை செய்தார், இப்போது அதில் எதைச் செய்ய முடியவில்லை, எதைச் செய்ய முடிகிறது என்ற விவரங்கள் அதன் முன் இருக்க வேண்டும். பெரும்பாலான வழக்குகள் இந்த இடத்தில்தான் மெலிந்துபோகின்றன.

மெலிந்துபோனால் என்ன ஆகும் என்பதை ஒரு கணக்கின் மூலம் காட்டுகிறேன். மருத்துவக் குழு 25 சதவீத ஊனம் என்று சான்றளிப்பதாக வைத்துக்கொள்வோம். வேலை பாதிக்கப்பட்டது என்பதற்குச் சாட்சியம் இல்லையென்றால், நம் மாநிலத்தில் நெடுங்காலமாகப் பழக்கத்தில் உள்ள சதவீத முறையில், ஒரு சதவீதத்துக்கு 5,000 ரூபாய் என்று வைத்தாலும், ஊனத்துக்காகக் கிடைப்பது 1,25,000 ரூபாய். மாறாக, சம்பாதிக்கும் திறன் குறைந்தது என்று தீர்ப்பாயம் ஏற்றுக்கொண்டால், வழக்கறிஞர்கள் மல்டிப்ளையர் என்று சொல்லும் பெருக்கெண் முறை வரும். மாத வருமானம் 20,000 ரூபாய் என்று தீர்ப்பாயம் எடுத்துக்கொள்கிறது என்க. நிரந்தர வேலை இல்லாதவருக்கு, வயது 40-க்குக் கீழ் இருந்தால், எதிர்கால வருமான உயர்வுக்காக 40 சதவீதம் கூட்ட வேண்டும் என்று 2017-இல் பிரணய் சேத்தி வழக்கில் அரசியல் சாசன அமர்வு வகுத்திருக்கிறது. அது காய வழக்குகளுக்கும் பொருந்தும் எனப் பின்வந்த தீர்ப்புகள் உறுதி செய்துள்ளன. ஆக மாதம் 28,000, ஆண்டுக்கு 3,36,000. வயது 36 முதல் 40 வரை உள்ளவர்களுக்குப் பெருக்கெண் 15. இது 2009-ஆம் ஆண்டு சரளா வர்மா தீர்ப்பின் அட்டவணை. பெருக்கினால் 50,40,000. இதில், தங்கள் கணவரின் திறன் இழப்பு 30 சதவீதம் என்று முடிவானால், அந்த ஒரு தலைப்பில் மட்டும் 15,12,000 ரூபாய் வருகிறது. உயிரிழப்பு வழக்குகளைப் போல் சொந்தச் செலவுக்கென்று இதில் கழிவும் கிடையாது. கை அதே கைதான், மருத்துவச் சான்றும் அதேதான். ஆனாலும் தொகை பன்னிரண்டு மடங்கு வேறுபடுகிறது.

இந்த எண்கள் எடுத்துக்காட்டுக்காக நான் வைத்தவை. தீர்ப்பாயம் இவற்றைத்தான் ஏற்கும் என்ற உறுதியை யாரும் தர முடியாது. வயதைப் பொறுத்தவரை விபத்து நாளன்று இருந்த வயதே கணக்கு. வழக்கு நடக்கும்போது அவருக்கு 40 கடந்துவிட்டாலும் பாதகமில்லை.

இப்போது செக்கிங் வேலைக்குத் திரும்புவோம். கத்திரியும் கட்டிங் மெஷினும் பிடித்து வாரம் 6,000 ரூபாய் வாங்கிய ஒருவர், அதே கம்பெனியில், அதே கூரையின் கீழ், கை வராத ஒரே காரணத்தால் 3,500 ரூபாய்க்கு வேறு வேலை பார்க்கிறார் என்றால், சம்பாதிக்கும் திறன் எவ்வளவு குறைந்தது என்பதற்கு இதைவிட நேரடியான அளவுகோல் எது? வீட்டில் இருந்தால், "இவர் வேறு எந்த வேலையும் செய்ய முடியாதவரா, அல்லது வழக்குக்காகச் சும்மா இருக்கிறாரா?" என்ற கேள்விக்குத்தான் இடம் கிடைக்கும். ஆகவே உறவினர்களின் யோசனையை மரியாதையோடு ஒதுக்கிவிடுங்கள். ஆனால் வேலைக்குச் சேரும்போது கம்பெனியிடம் ஒரு கடிதம் கேட்டு வாங்குங்கள். இன்ன ஆண்டு முதல் கட்டிங் மாஸ்டராக இருந்தார், வாரக் கூலி இவ்வளவு, விபத்துக்குப் பின் அந்த வேலை செய்ய இயலாததால் இன்ன தேதி முதல் செக்கிங் பிரிவில் இவ்வளவு கூலிக்கு வைத்திருக்கிறோம் என்ற மூன்று செய்திகளும் அதில் இருக்க வேண்டும். கடிதம் மட்டும் போதாது. அதை எழுதியவரோ, கூலிப் பதிவேட்டை வைத்திருக்கும் மேலாளரோ தீர்ப்பாயத்துக்கு வந்து சாட்சி சொன்னால்தான் அதற்கு எடை. முதலாளிகள் கோர்ட்டுப் படி ஏறத் தயங்குவது இயல்பு. இது அவருக்கு எதிரான வழக்கு அல்ல, ஒரு மணி நேர வேலை என்று எடுத்துச் சொல்லுங்கள். அப்போதும் வராவிட்டால் சம்மன் அனுப்பச் செய்யலாம்.

கூலி கையில் கொடுக்கப்பட்டது என்பதால் வருமானமே இல்லை என்று ஆகிவிடாது. சையத் சாதிக் என்ற காய்கறி வியாபாரியின் வழக்கில், எந்த ஆவணமும் இல்லாத நிலையிலும் மாதம் 6,500 ரூபாய் சம்பாதித்திருப்பார் என்று ஏற்ற உச்ச நீதிமன்றம், காலை இழந்த அவருடைய திறன் இழப்பை 85 சதவீதமாக வைத்து 2014-இல் தீர்ப்பளித்தது. ஆயினும் ஆவணமின்றி நின்றால், தீர்ப்பாயம் தானாக ஊகிக்கும் தொகை பெரும்பாலும் உண்மையைவிடக் குறைவாகவே இருக்கும். எனவே சீட்டுக் கட்டிய புத்தகம், வாடகை ஒப்பந்தம், குழந்தைகள் இருந்தால் பள்ளிக் கட்டண ரசீது, வங்கிக் கணக்கில் வாரந்தோறும் போட்ட தொகை, உடன் வேலை செய்த இன்னொரு கட்டிங் மாஸ்டரின் சாட்சியம் என்று, அவர் வருமானத்தின் தடம் தெரியும் எதையும் விட்டுவிடாமல் சேருங்கள்.

ஊனச் சான்றைப் பொறுத்தவரை, பணம் கொடுத்தால் கேட்ட சதவீதம் எழுதித் தருவார் என்று யாரேனும் ஒரு மருத்துவரைப் பரிந்துரைத்தால் அந்தப் பக்கமே போகாதீர்கள். தீர்ப்பாயத்தின் மூலம் அரசு மருத்துவமனையின் மருத்துவக் குழுவுக்கு அனுப்பக் கோருவதே சிறந்தது. சான்று எங்கிருந்து வந்தது என்ற சண்டை அதோடு தீர்ந்துவிடும். அறுவை சிகிச்சை செய்த மருத்துவரிடமிருந்து, பிளேட்டை அகற்ற வேண்டுமா, அதற்கு எவ்வளவு ஆகும் என்று எழுதி வாங்குங்கள். வருங்காலச் சிகிச்சைச் செலவையும் கேட்க முடியும். மருந்துச் சீட்டுகள், டாக்ஸி ரசீதுகள், காயச் சான்றிதழ், டிஸ்சார்ஜ் சம்மரி, எக்ஸ்ரே எல்லாவற்றையும் அசலாக ஒரே உறையில் வையுங்கள். அவரைக் கவனித்துக்கொள்ளத் தாங்கள் வேலைக்குப் போகாமல் இருந்திருந்தால், அதையும் உதவியாளர் செலவாகக் கேட்கலாம். மனைவி செய்த பணிவிடைக்குக் கூலி ஏது என்று பலர் இதைக் கேட்காமலே விட்டுவிடுகிறார்கள். இவை தவிர வலியும் வேதனையும், இயல்பு வாழ்வின் இன்பங்களை இழந்தது, சிகிச்சைக் காலத்தில் போன கூலி, பைக்கின் சேதம் ஆகியவை தனித்தனித் தலைப்புகள். மனுவில் கேட்ட தொகையைவிடக் கூடுதலாகவும் தீர்ப்பாயம் வழங்க முடியும்.

இனி அந்த ஒன்றரை லட்சம். தங்கள் கணவருக்கு ஏற்பட்டது எலும்பு முறிவு. சட்டத்தின் பார்வையில் எலும்பு முறிவு கொடுங்காயம். கொடுங்காயம் அடைந்தவருக்கு, யார் மீது தவறு என்றே பார்க்காமல் 2,50,000 ரூபாய் கொடுக்க வேண்டும் என்று 164-ஆம் பிரிவு சொல்கிறது. தவறை நிரூபிக்காமலே கிடைக்கக்கூடிய தொகையைவிட ஒரு லட்சம் குறைவாக ஒருவர் பேரம் பேசுகிறார் என்றால், அவர் யாருடைய நலனுக்காகப் பேசுகிறார் என்பதைத் தாங்களே புரிந்துகொள்ளலாம். அவர் நாளை இரண்டரை லட்சத்துக்கு உயர்ந்து வந்தாலும் அவசரப்பட வேண்டாம். காப்பீட்டு நிறுவனத்தின் அதிகாரி மூலம் சமரசம் செய்துகொள்வதற்கென 149-ஆம் பிரிவில் உள்ள நடைமுறையின்படி 164-ஆம் பிரிவின் தொகையை ஏற்றுக்கொண்டால், தீர்ப்பாயத்திலுள்ள மனு அத்துடன் அற்றுப்போகும். கையில் வரும் இரண்டரை லட்சம், பின்னால் வரக்கூடிய பெருந்தொகையின் கதவைச் சாத்திவிடும் என்பதை அறிந்து முடிவெடுக்க வேண்டும். சமரசமே கூடாது என்று நான் சொல்லவில்லை. மருத்துவக் குழுவின் சான்று வந்தபின், மக்கள் நீதிமன்றத்தில் வைத்துப் பேசுவது பல வழக்குகளில் நல்ல பலன் தருகிறது. அங்கு முடிந்த வழக்குக்கு மேல்முறையீடு இல்லை என்பதால், அந்தத் தொகை தங்களுக்குச் சம்மதம்தானா என்று வீட்டிலேயே முடிவு செய்துகொண்டு போங்கள்.

கார் உரிமையாளர் வாங்கிய கையெழுத்து பற்றித் தாங்கள் அதிகம் அஞ்ச வேண்டியதில்லை. ஆனால் மறைக்கவும் கூடாது. மருத்துவச் செலவுக்காக 20,000 ரூபாய் பெற்றுக்கொண்டதாக எழுதியிருந்தால், அது பெற்ற தொகைக்கான ரசீது, அவ்வளவே. "இனி எந்த உரிமையும் கோர மாட்டேன்" என்ற வாசகம் இருந்தால் எதிர்த்தரப்பு அதை நிச்சயம் காட்டும். அப்போது, அவர் எந்த நிலையில், எதைப் படித்துக் கையெழுத்திட்டார் என்பதை விளக்க வேண்டிவரும். எழுதியது நினைவில் இருக்கும்போதே தங்கள் வழக்கறிஞரிடம் சொல்லிவிடுங்கள். பெற்ற பணத்தை மனுவிலேயே குறிப்பிட்டுவிடுவது மேல்.

வழக்கறிஞர் என்றதும் ஒன்று. வரும் தொகையில் இத்தனை சதவீதம் என்று கட்டணம் பேசுவது வழக்கறிஞர்களுக்கான நடத்தை விதிகளுக்கு முரணானது. மருத்துவமனை வாசலிலேயே வக்காலத்தில் கையெழுத்துக் கேட்கும் இடைத்தரகர்கள் பேசுவதெல்லாம் இந்தச் சதவீதக் கணக்குதான் என்பதைச் சற்று வெட்கத்தோடுதான் என் தொழிலைப் பற்றி ஒப்புக்கொள்கிறேன். கட்டணம் தர வசதியில்லையென்றால், மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகுங்கள். வருமான வரம்புக்கு உட்பட்டவர், தொழிலாளி, மாற்றுத்திறனாளி என்ற வகைகளில் ஏதேனும் ஒன்றில் தங்கள் கணவருக்கு இலவச வழக்கறிஞர் கிடைக்க வாய்ப்புண்டு.

வழக்கு முடிய இரண்டு மூன்று ஆண்டுகள் ஆகலாம். மனு தாக்கல் செய்த நாளிலிருந்து வட்டி சேரும். நம் தீர்ப்பாயங்கள் ஆண்டுக்கு 7.5 சதவீதம் கொடுப்பது வழக்கம். தொகை போதவில்லையென்றால் 90 நாட்களுக்குள் சென்னை உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்யலாம்.

அந்த நபர் மீண்டும் தொலைபேசியில் அழைத்தால் கோபப்பட வேண்டாம். அவர் பெயர், எந்த அலுவலகம், பாலிசி எண் என்ன என்று கேட்டுக் குறித்துக்கொண்டு, சொல்ல வேண்டியதை நிறுவனத்தின் தாளில் எழுதி அனுப்பச் சொல்லுங்கள். பாலிசி எண்ணை அவரே சொல்லிவிட்டால், மனுவுக்குத் தேவையான ஒரு விவரம் அலைச்சலின்றிக் கிடைத்துவிடும்.